ஜோ பிளேக் என்றொரு ஆள்

ஹட்டன் டவுனில் ஓர் இரும்புக் கடைக்கு மேலே, மூன்றாம் மாடியில், ஒன்பது பேர் காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு அவுஸ்திரேலியாவின் பாம்புகளைக் கவனித்துக்கொண்டிருந்தார்கள். குயின்ஸ்லாந்துப் பக்கம் யார் வீட்டுக்குள் பாம்பு நுழைந்தாலும் அவர்கள் அழைக்கிற இலக்கம் இங்கேதான் அடிக்கும். விலாசத்தைக் கேட்டு எழுதி, அந்த ஊரில் பாம்பு பிடிக்கிறவருக்கு அனுப்ப வேண்டும். அவர் போய்ச் சேரும்வரை, பயந்து கிடப்பவரிடம் பேசிக்கொண்டிருக்க வேண்டும்.

பூரணி அங்கே சேர்ந்து பதினொரு மாதம் ஆகியிருந்தது. அவளுடைய அம்மா அம்மாக்கண்ணு, டிக்கோயாவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுப்பவள். மகள் ஆங்கிலத்தில் பேசிச் சம்பாதிப்பதை தொழிலாளர் குடியிருந்த லயத்தில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தாள்.

சூப்பர்வைசர் லோஜன் கொழும்பில் பயிற்சி எடுத்து வந்தவன். அவுஸ்திரேலியர்களின் கொச்சைப் பேச்சில் தன்னை மிஞ்ச ஆளில்லை என்பது அவனுடைய எண்ணம். இரண்டு பக்கத்துக்கு ஒரு பட்டியல் தயாரித்துச் சுவரில் ஒட்டியிருந்தான். கடுங்கோபக்காரனை வெட்டுப்பட்ட பாம்பு என்பார்கள். கேவலமானவனைப் பாம்பின் வயிற்றுக்கும் கீழே போனவன் என்பார்கள். பாம்புச் சீறல் என்றால் சிறுநீர். டன்னி என்றால் கழிவறை. பட்டியலின் முதல் வரி ‘ஜோ பிளேக்’. கேட்க ஆள் பெயர் போலிருக்கும்; பாம்பைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லோடு ஓசை ஒத்துப்போவதால் அங்குள்ள பழைய ஆட்கள் பாம்பை அப்படிச் சொல்வார்கள். பூரணிக்கு அது விநோதமாகப் படவில்லை. மலையில் பாம்பைக் கண்டால் அம்மாவும் பெயரைச் சொல்ல மாட்டாள், பூச்சி என்றுதான் சொல்வாள்.

மார்ச் மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பத்து மணி இருக்கும். பூரணிக்கு ஓர் அழைப்பு வந்தது. வயதான பெண் குரல், நடுங்கியது. பெயர் டோரீன். வீட்டில் தனியாக இருப்பவள். கழிவறைக்குள் இருக்கிறாள், வாசற்படியில் ஜோ பிளேக் படுத்திருக்கிறது, வெளியே வர வழியில்லை.

“நான் அரை மணி நேரத்துக்கு முன்னமே கூப்பிட்டேனம்மா” என்றாள் டோரீன். “ஒரு பையன் எடுத்தான். அவனுக்கு நான் சொன்னது விளங்கவில்லை. வைத்துவிட்டான்.”

பூரணி விலாசத்தை வாங்கி அனுப்பினாள். பிடிப்பவர் வந்துசேர நாற்பது நிமிடமாகும் என்று தெரிந்தது. கால்களை மேலே தூக்கிக்கொண்டு மூடியின் மேல் உட்காரச் சொன்னாள், அசைய வேண்டாம் என்றாள். டோரீன் தன் செத்துப்போன நாயைப் பற்றிப் பேசினாள். சூட்டைப் பற்றிப் பேசினாள்.  பிறகு மூச்சு மட்டும் கேட்டது.

“மன்னித்துக்கொள்ளம்மா, உடுப்பிலேயே போய்விட்டது” என்றாள்.  அதெல்லாம் பரவாயில்லை, தன் அம்மாவாக இருந்தாலும் இப்படித்தான் ஆகியிருக்கும் என்றாள் பூரணி.

ஆள் வந்து பிடித்துவிட்டார். கடித்தால் உயிர் தப்புவது கடினமான வகை. டோரீன் இரண்டு முறை நன்றி சொல்லிவிட்டு வைத்தாள்.

தேநீர் இடைவேளையில் பூரணி பின்னறைக்குப் போனபோது எல்லோரும் லோஜனின் போனைச் சுற்றி நின்று சிரித்துக்கொண்டிருந்தார்கள். போனிலிருந்து வந்தது டோரீனின் குரல்.

டன்னியில் ஜோ பிளேக் என்று அவள் அழுகிறாள். லோஜனின் குரல் மிக மரியாதையாகக் கேட்கிறது: திரு. பிளேக்குக்கு என்ன வயது? என்ன உடுத்தியிருக்கிறார்? அவர் கழிவறையை உபயோகித்து முடிக்கும்வரை நீங்கள் காத்திருக்க முடியாதா? அவள் இல்லை, இல்லை என்கிறாள். ஆறு நிமிடம். கடைசியில், திரு. பிளேக்கையே பேசச் சொல்லுங்கள் என்று சொல்லிவிட்டு அவன் வைத்துவிடுகிறான்.

ஷாமிலா கண்ணில் நீர் வரச் சிரித்தாள். அவள் பூரணிக்குப் பக்கத்து மேசை.

பூரணிக்கு அருவருத்தது. லோஜனுக்கு விளங்காமல் இல்லை. சுவரில் முதல் வரியாக எழுதி ஒட்டியவனே இவன்தான். இதற்கு முன்னும் இப்படி இரண்டு மூன்று பதிவுகள் போட்டுக் காட்டியிருக்கிறான். அப்போதெல்லாம் தானும் நின்று சிரித்தது நினைவுக்கு வந்தது. அந்த நினைவுதான் அவளுக்கு அதிகமாக அருவருத்தது.

“அந்தம்மா உள்ளுக்குள்ள ஒரு மணித்தியாலத்துக்கு மேல பாம்போட இருந்திருக்காங்க” என்றாள். “ஒங்களுக்கு விளங்கித்தானே இருந்திச்சு?”

“ஜோக்குதானே பூரணி. குடிச்சிட்டுப் பேசுதுன்னு நெனச்சேன்.” அவன் போனைச் சட்டைப்பையில் போட்டான். “இப்ப என்ன, ஆளு நல்லாத்தானே இருக்கு.”

அன்றைக்கே பூரணி அவுஸ்திரேலியாவில் இருந்த மேலாளருக்கு மின்னஞ்சல் எழுதினாள். அழைப்பு வந்த நேரம், பாம்பு பிடிப்பவரை அனுப்பாமல் விட்ட நேரம், எல்லாம் எழுதினாள். மறுநாள் மேலாளர் வீடியோவில் அவளைத் தனியாக அழைத்தார். சிவந்த முகம், நல்ல சிரிப்பு. அவளுடைய அக்கறையைப் பாராட்டினார். லோஜனுக்கு ஒரு வார்த்தை சொல்வதாகச் சொன்னார். பிறகு குரலைத் தணித்து, எங்கள் நாட்டில், தன்னோடு வேலை செய்பவனைக் காட்டிக்கொடுப்பதை யாரும் விரும்புவதில்லை என்றார். அதற்கும் ஒரு கொச்சைச் சொல் இருந்தது, டொபர். லோஜனின் பட்டியலில் இல்லாத சொல்.

“பதிவை நாங்களும் கேட்டோம்” என்றார் அவர். “தவறுதான். ஆனாலும், திரு. பிளேக்கையே பேசச் சொல்லுங்கள் என்றானே, அதில் அலுவலகமே விழுந்து விழுந்து சிரித்தது.”

 அந்தக் கிழவி இருந்த நிலையில் அவளுடைய சொந்த ஊர்க்காரர்களே சிரித்திருக்கிறார்கள். மேலாளரின் பற்களைப் பார்க்கப் பூரணியால் முடியவில்லை.

வீட்டுக்குப் போய் அம்மாவிடம் சொன்னாள். அம்மாக்கண்ணு காலில் அட்டை கடித்த இடத்தைத் துடைத்துக்கொண்டே கேட்டாள்.

“பூச்சின்னு ஒருத்தி சத்தம் போட்டா நாங்க அத்தன பேரும் கொழுந்து எடுக்கறத விட்டுட்டு ஓடியாருவோம். எவளும் சிரிச்சதில்ல. எங்களப் புடிக்காதவளுக்கும் ஓடித்தான் போயிருக்கோம்.” பிறகு, “அந்தம்மாவுக்குத் தெரியுமா?” என்றாள்.

டோரீனுக்குத் தெரியாது. பையனுக்கு விளங்கவில்லை என்றுதான் நினைத்துக்கொண்டிருப்பாள்.

வியாழக்கிழமை பூரணி அலுவலக இலக்கத்திலிருந்தே டோரீனை அழைத்தாள். அந்தப் பையனுக்கு விளங்கியது என்றாள். வேண்டுமென்றே விளையாடினான், அதைப் பதிவு செய்து எல்லோருக்கும் போட்டுக் காட்டினான் என்றாள். முன்பு இப்படி வந்த பதிவுகளுக்குத் தானும் சிரித்திருப்பதாகச் சொன்னாள்.



“என் ஆங்கிலம்தான் பழசாகிவிட்டதென்று நினைத்தேன்” என்றாள் டோரீன். “இரண்டு நாளாக அதையே நினைத்துக்கொண்டிருந்தேன்.” உன் பெயர் என்ன என்று கேட்டாள். பூரணி சொன்னாள். டோரீன் அதை மெதுவாக, சரியாகச் சொல்லிப் பார்த்தாள். தன் மகள் இதை விடமாட்டாள் என்று சொல்லிவிட்டு வைத்தாள்.

மகள் விடவில்லை. கம்பனிக்குப் புகார் போனது. டோரீனிடம் அவர்கள் எழுத்தில் மன்னிப்புக் கேட்டார்கள். லோஜனை ஹட்டனிலிருந்து எடுத்துக் கொழும்பு அலுவலகத்தில் போட்டார்கள். புதிதாகச் சேருபவர்களுக்கு அவுஸ்திரேலியப் பேச்சுப் பழக்குகிற வேலை. பூரணியை, அனுமதியில்லாமல் வாடிக்கையாளரை அழைத்துப் பேசியதற்காக, மாத முடிவோடு நிறுத்தினார்கள். கடிதத்தின் அடியில் மேலாளர் கையால் எழுதியிருந்தார், கவலைப்பட ஒன்றுமில்லை என்று அவர்கள் பாணியில் இரண்டு சொல்.

லோஜன் கொழும்புக்குப் போகும் அன்று எல்லோருக்கும் கேக் வாங்கி வந்தான். பூரணியின் மேசைக்கு வந்து கையை நீட்டினான். மனசில் ஒன்றும் வைத்துக்கொள்ள வேண்டாம் என்றான். அந்தக் கையைப் பார்க்கையில், ஈரமான இடத்தில் கல்லைப் புரட்டினால் நெளிகிறதைப் பார்ப்பது போல அவளுக்கு உடம்பு கூசியது. அவள் கையைக் கொடுக்கவில்லை. கேக்கையும் தொடவில்லை.

அவளுடைய கடைசி நாளில் ஷாமிலா மாடிப்படி வரைக்கும் கூடவே வந்தாள். முகம் வாடியிருந்தது.

“லோஜன் என் போனுக்கு அனுப்பின அந்தப் பதிவ நான் அழிச்சிட்டேன் அக்கா. நேத்துத்தான்.”

“கேக்காமலா அழிச்ச?”

ஷாமிலா பொய் சொல்லத் தெரியாதவள். “கடைசியா ஒருக்காக் கேட்டுட்டுத்தான்” என்றாள், உதட்டோரம் துடித்த சிரிப்பைக் கையால் மூடிக்கொண்டு.

 பூரணி படியிறங்கி, மழை தூறிக்கொண்டிருந்த தெருவைக் கடந்து பஸ் ஸ்டாண்டை நோக்கி நடந்தாள்.