காலி வரி

சஞ்சுக்தா மெஹெர் செய்த முட்டாள்தனம் ஒன்றே ஒன்றுதான். செப்டம்பர் முதல் தேதி காலையில் இரண்டு கிலோ செனாபோடா வாங்கிக்கொண்டு அலுவலகத்துக்குப் போனாள். வேலை நிரந்தரமானால் இனிப்பு கொடுக்க வேண்டும்; கொடுக்காவிட்டால் கஞ்சப் பிசினாரி என்று ஓய்வுபெறும்வரை சொல்லிக் காட்டுவார்கள்.

குளங்கள் துறையின் அந்த மாவட்ட அலுவலகத்தில் தபால் அனுப்பும் எழுத்தர் அவள். தகுதிகாண் பருவம் இரண்டு வருஷம். அதற்குள் யாரை வேண்டுமானாலும் 'பணி திருப்தியாக இல்லை' என்று ஒற்றை வரியில் வீட்டுக்கு அனுப்பலாம். குற்றச்சாட்டு வேண்டாம், விசாரணை வேண்டாம். ஆனால் கடைசித் தேதிக்குள் அந்த உத்தரவு போகாவிட்டால் வேலை தானாகவே நிரந்தரம். அந்தத் துறையின் விதி அப்படி. அவளுக்குக் கடைசித் தேதி ஆகஸ்ட் முப்பத்தொன்று.

அதிகாரி சாமந்தராய் இரண்டு துண்டு தின்றுவிட்டு, விரலைத் துடைத்துக்கொண்டே கேட்டார்.

"என்னம்மா விசேஷம்?"

"நேத்தோட ரெண்டு வருஷம் முடிஞ்சுது சார். இனி நான் பெர்மனென்ட்."

அவர் முகம் அப்படியே கருத்துப்போயிற்று. பாழாய்ப்போன மனுஷன், தேதியையே மறந்திருக்கிறார்! பிரசவ விடுப்பில் அவள் போயிருந்த ஆறு மாதமும் அவள் நாற்காலியில் தினக்கூலியாக உட்கார்ந்திருந்தது அவருடைய மச்சினன் மகள். "சேர்ந்த கையோட புள்ள பெத்துக்கவா வேலைக்கு வந்தே?" என்று விடுப்புக் கடிதத்தை முகத்துக்கு நேரே ஆட்டியவர் அவர். மறந்திருந்தவருக்குத் தட்டில் இனிப்பு வைத்து ஞாபகப்படுத்தியது இவள். அதை நினைத்தால் இன்றைக்கும் அவளுக்குத் தன் வாயிலேயே ஒரு போடு போடத் தோன்றும்.

மூன்றாம் தேதி உத்தரவைக் கையில் கொடுத்தார்கள். பணி திருப்தியாக இல்லை. தேதி, ஆகஸ்ட் இருபத்தொன்பது.

"இருபத்தொம்பதாந் தேதியே போட்டாச்சும்மா. பதிவேட்டுலயும் ஏறியாச்சு. கையில குடுக்கத்தான் அஞ்சு நாள் தாமதம்" என்றார் தலைமை எழுத்தர் பாணிக்ராஹி. அலுவலகம் முழுக்க அவரை படபாபு என்றுதான் கூப்பிடும்.

சஞ்சுக்தா பதிவேட்டைப் பிடுங்கிப் பார்த்தாள். வெளியே போகும் தபாலுக்கு எண் போட அவள் வைத்திருந்த பதிவேடு. இருபத்தொன்பதாம் தேதிப் பக்கத்தில் எல்லா வரியும் அவள் கையெழுத்து. கடைசிக்கு முந்தின வரி மட்டும் பாணிக்ராஹியின் கோணல் எழுத்து. அவள் பெயர்.

அந்த வரியைக் காலியாக விட்டவளே அவள்தான். தினமும் சாயங்காலம் எண் மட்டும் போட்டு இரண்டு வரி காலியாக விட வேண்டும் என்று முதல் நாளே சொல்லிக்கொடுத்தவர் இதே படபாபு. அதிகாரிக்கு எப்போது எந்தப் பழைய தேதி தேவைப்படுமோ! ஏன் என்று அவள் ஒரு நாள்கூடக் கேட்கவில்லை. இரண்டு வருஷம் விட்டாள். எத்தனை பேர் தலை அந்த வரிகளில் உருண்டதோ, அவளுக்குத் தெரியாது.

மேல்முறையீட்டு விசாரணை புவனேஸ்வரில். குழந்தையை மாமியாரிடம் விட்டுவிட்டு விடியற்காலை பஸ்ஸில் போனாள். துறை இயக்குநர் அறைக்கு வெளியே பாணிக்ராஹி அவளை மடக்கினார்.

"சஞ்சுக்தா, உள்ள போயி காலி வரி கதையைச் சொல்லப்போறியா?"

"சொல்லாம? கொழுக்கட்டையா அடைச்சிருக்கு வாயில?"

"லூசு மாதிரி பேசாதே. விட்டது நீ. பதிவேட்டைத் திருத்த வழி பண்ணுனேன்னு நீயே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். உன்னையும் சேத்துத்தான் இழுப்பாங்க. பேசாம இரு, சாரே வேற எங்கயாவது ஒரு சின்ன வேலை பாத்துத் தருவாரு."

"எனக்கு அவர் பிச்சை போடுறாரா? என் வேலையைப் புடுங்கித் தன் குடும்பத்துக்குக் குடுத்துட்டு, எனக்குச் சின்ன வேலையா? வெக்கமா இல்லை படபாபு உங்களுக்கு? எம் புள்ளை பொறந்தப்போ வந்து ஆசீர்வாதம் பண்ணுன கைதானே அந்த வரியை எழுதுச்சு?"

அவர் தலையைத் திருப்பிக்கொண்டார்.

உள்ளே சாமந்தராய் பதிவேட்டை விரித்துவைத்துக் காலைக் காலின்மேல் போட்டு உட்கார்ந்திருந்தார். இயக்குநர் சஞ்சுக்தாவைக் கேட்டார்.

"பதிவேட்டுல இருக்கே. இதுக்கு என்னம்மா சொல்றீங்க?"

"அந்த வரி ஒண்ணாந் தேதிவரைக்கும் காலி சார். நான்தான் காலியா விட்டேன். தினம் ரெண்டு வரி விடுவேன். இருபத்தஞ்சாந் தேதிக்கு மேல விட்டதுல இது ஒண்ணைத் தவிர மத்ததை இன்னும் நிரப்பலை, பக்கத்தைத் திருப்பிப் பாருங்க."

இயக்குநர் திருப்பிப் பார்த்தார். எண் மட்டும் இருந்தது, எதிரே ஒன்றும் இல்லை. ஒரு பக்கம் இல்லை, நாலு பக்கம். சாமந்தராய் காலைக் கீழே இறக்கினார்.

"தெரிஞ்சே விட்டிருக்கீங்க. இது ஒழுங்கீனம்" என்றார் இயக்குநர்.

"ஒழுங்கீனம்தான் சார். இல்லேன்னு நான் சொல்லலை." அவள் மேஜைப் பக்கம் ஒரு எட்டு வைத்தாள். "மெமோ குடுங்க. விசாரணை வைங்க. யார் விடச் சொன்னாங்க, எதுக்கு விடச் சொன்னாங்க, எல்லாம் கேளுங்க, ஒவ்வொண்ணா பதில் சொல்றேன். சம்பளத்தை வெட்டணுமா, வெட்டுங்க. தப்பு பண்ணுனவளுக்குத் தண்டனை குடுங்க சார், வாங்கிக்கிறேன். ஒரு தப்பும் சொல்லாம, 'திருப்தியா இல்லை'ன்னு நாயை விரட்டுற மாதிரி விரட்டாதீங்க!"

இயக்குநர் பதிவேட்டை மூடித் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டார்.

இரண்டு வாரத்தில் இரண்டு உறைகள் வந்தன. முதலாவதில், நீக்க உத்தரவு ரத்து. இரண்டாவதில், பதிவேட்டில் முறைகேடாக வரிகளைக் காலியாக விட்டதற்குப் பதினைந்து நாளில் விளக்கம் கேட்டு மெமோ. பாணிக்ராஹிக்கும் ஒரு மெமோ. சாமந்தராய்க்கு மட்டும் மெமோ கிடையாது; பக்கத்து மாவட்டத்துக்கு மாறுதல், அதுவும் இதைவிடப் பெரிய அலுவலகம்.

"கட்டையில போறவன்" என்று சத்தமாகவே சொன்னாள் சஞ்சுக்தா. மெமோவை மறுபடி எடுத்தாள். பெறுநர் என்ற இடத்தில் அவள் பெயர், அதன் கீழே 'நிரந்தர எழுத்தர்' என்று அடித்திருந்தது. பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்துப் போட்டாள்.