சமையலறைத் தரையில் என் சாவுகள்

என் கணவன் அன்செல்ம் படத்துக்குப் படம் என்னைக் கொன்றிருக்கிறான். அவன் எழுதும் திரைக்கதை எதுவானாலும் அதில் எனக்கொரு சின்ன வேடம், அதற்கொரு சாவு. நகைச்சுவைப் படத்தில் தொண்டையில் மீன்முள் சிக்கிச் செத்தேன். பேய்ப் படத்தில் கழுத்தில் கடிபட்டேன். வாள்சண்டைப் படத்தில் கோட்டைச் சன்னலிலிருந்து விழுந்தேன். தெற்கு பிரான்சின் கமார்க் சதுப்பு நிலச் சேற்றில் கௌபாய்ப் படம் எடுத்தபோது, குதிரைகூட என் பிணத்தைத் திரும்பிப் பார்க்கவில்லை. எந்த வகைப் படமும் எழுதுவான் என்று பாரிஸில் அவனுக்குப் பெயர். எந்த வகையிலும் சாவாள் என்று எனக்கு.

ஒவ்வொரு சாவையும் முதலில் எங்கள் சமையலறைத் தரையில்தான் ஒத்திகை பார்ப்போம். நான் விழுவேன். அவன் மண்டியிட்டு, கேமரா என்னை எங்கிருந்து பார்க்கும் என்று சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு எழுதுவான். அடுப்பில் வெங்காய சூப் கொதித்துக்கொண்டிருக்கும்.

இந்த வசந்தத்தில் எனக்கு இதயத்தில் அறுவை சிகிச்சை நடந்தது. பிழைத்து வந்தேன். அதன்பின் அவன் எழுதியது ஒரு போலீஸ் கதை. அதில் நான் மதுக்கடை நடத்துபவள். என் கொலையில்தான் கதையே தொடங்க வேண்டும். பிரதியைப் படித்த தயாரிப்பாளர் பெர்த்தலோ தொலைபேசியில் கத்தியது அடுத்த அறையிலிருந்த எனக்கே கேட்டது.

“யோவ், கொலைப் படத்துல பிணம் எங்கய்யா? குண்டடிபட்டவ ஆஸ்பத்திரிக்குப் போறா, குணமாகுறா, வீட்டுக்கு வந்து சூப் குடிக்கிறா! என் இன்ஸ்பெக்டர் எதைத் துப்புத் துலக்குவான், சூப்பையா? நாளைக்கு மத்தியானச் சாப்பாட்டுக்குள்ள பிணம் வந்தாகணும். இல்லேன்னா வேற ஆளை எழுதச் சொல்லி, வேற நடிகையைப் போட்டுக்கிறேன்.”

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீடு திரும்பியதிலிருந்து எல்லோரும் என்னைக் கண்ணாடிப் பாத்திரம் போல நடத்தினார்கள். நான் மறுபடி நடிகையாவதற்கு இந்த ஒரு வேடம்தான் இருந்தது.

“ஏன்டா என்னைக் கொல்லல?”

“எழுத வரல, ஒடில்.”

“ரத்தக்காட்டேரிகிட்ட தூக்கிக் குடுத்தியே, அப்ப மட்டும் வந்துச்சா?”

“அப்ப நீ சாகவே மாட்டேன்னு நினைச்சிருந்தேன்.”

சமையலறை மேசையை ஒதுக்கிவிட்டுத் தரையில் படுத்தேன்.

“மெதுவா, மெதுவா!” என்று பதறினான்.

“எழுதுடா. என் சாவை வேற எவளுக்காவது குடுத்தே, நிஜமாவே உன்னைக் கொன்னுடுவேன்.”

மண்டியிட்டான். இந்த முறை கேமராவைப் பற்றி யோசிக்கவில்லை. என் மார்பில் காதை வைத்து அப்படியே கிடந்தான். சூப் பொங்கி அடுப்பில் வழிந்தது. இரண்டு பேரும் எழுந்திருக்கவில்லை.

“கேக்குதா?”

“கேக்குது. பிணத்துக்கு இவ்வளவு சத்தம் ஆகாது.”

“அதை ஒலிப்பதிவுக்காரன் பார்த்துக்குவான். நீ எழுது.”

மறுநாள் மதியம் பெர்த்தலோவுக்குப் பிணம் போய்ச் சேர்ந்தது.

படப்பிடிப்புப் பக்கமே தலைகாட்டாத அன்செல்ம், நான் சாகிற அன்று வந்து கேமராவுக்குப் பின்னால் நின்றான். சுட்டார்கள். விழுந்தேன். இயக்குநர் “கட்” சொல்வதற்குள் அவன் ஓடிவந்து என் மார்பில் காதை வைத்துவிட்டான். இயக்குநர் தலையில் அடித்துக்கொண்டு மறுபடி எடுத்தார். மறுபடியும் ஓடிவந்தான்.

அன்று சாயங்காலம் வரை செத்துக்கொண்டே இருந்தேன். எனக்கு அலுக்கவே இல்லை.