கனத்த தண்ணி

மேரிசெல்வி ஆறாவது வாளியையும் தூக்கிப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தபோதுதான் அம்சவள்ளி கவனித்தாள்.

"என்னாடி பண்ற?"

"நீதானக்கா சொன்ன, தண்ணி கனத்திச்சின்னா மடையத் தொறந்து உப்புப் பாத்திக்கு வுடுன்னு. எல்லாமே ஒரே கனமாத்தான் இருக்குது."

அம்சவள்ளிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கூடவே கவலையும். விடிந்தால் வெள்ளிக்கிழமை, மகளிர் குழுவின் வேன் ஊட்டிக்குக் கிளம்புகிறது. பதினெட்டு வருடம் மரக்காணம் உப்பளத்தில் வெயிலில் காய்ந்தவள், குளிர் என்றால் என்னவென்று ஒரு தடவை பார்த்துவிட ஆசைப்பட்டாள். முதலாளி தட்சணாமூர்த்தியோ, "மூணு நாளைக்குத் தண்ணி பாக்க ஒரு ஆளத் தயார் பண்ணிட்டு எங்க வேணா போம்மா" என்று சொல்லிவிட்டார். வெயிலில் வற்றி உப்பேறிக் கனக்காத தண்ணீரை விட்டால் உப்பு விளையாது. தண்ணீரின் உப்பு டிகிரி பார்க்கிற கண்ணாடிக் குழாய் போன வருடமே உடைந்தாயிற்று; அம்சவள்ளியின் கால் இருக்கும்போது அது எதற்கு என்று அவரும் விட்டுவிட்டார்.

"தூக்கிப் பாக்கறதில்லடி. கால வெச்சா தெரியும்."

"என்னா தெரியும்?"

"கனத்திச்சின்னு தெரியும்."

"அதான் எப்பிடிக்கா?"

அம்சவள்ளி எண்ணெய் மாதிரி என்றாள், இல்லை இல்லை என்றாள், கடைசியில் "கனமா இருக்கும்டி" என்று புறப்பட்ட இடத்துக்கே வந்து நின்றாள். இதுகூடவா தெரியாது என்று மேரிசெல்வி மேல் எரிச்சல் வந்தது. நேற்றுவரை பாண்டியில் தையல் கம்பெனியில் மிஷின் மிதித்தவளுக்கு எப்படித் தெரியும்? ஊட்டி கைநழுவிப் போவதை நினைக்க அழுகையே வந்துவிட்டது.

"சரி, நான் பேசல. இந்த ரெண்டு பாத்திலயும் நீயே எறங்கிப் பாத்துச் சொல்லு."

மேரிசெல்வி முதல் பாத்தியில் சும்மா நின்றாள். இரண்டாவதில் காலை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள். "அய்யோ, இதுல பித்தவெடிப்பு எரியுதுக்கா. அதுல எரியல."

அம்சவள்ளி அதே இடத்தில் காலை வைத்தாள். கனத்த தண்ணீர்தான், சந்தேகமே இல்லை. ஆனால் எரியவில்லை. முதல் வருடம் தேங்காய் எண்ணெயைத் தடவிக்கொண்டு இவளும் அழுதவள்தான். அந்த எரிச்சல் எப்போது நின்றது என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை.

"அடுத்த பாத்தில வையி."

மேரிசெல்வி வைத்தாள், துள்ளினாள்.

"நல்லா எரியுதா?" அம்சவள்ளிக்கு முகமெல்லாம் பல்.

"உயிர் போவுதுக்கா."

அம்சவள்ளியும் இறங்கிப் பார்த்தாள். சரியாக இருந்தது. "அப்ப மடையத் தொறடி தங்கம்" என்றவள், போனை எடுத்து, குழுவில் கூட வருகிற சாலம்மாளிடம் வேனில் ஜன்னல் சீட்டு பிடித்து வைக்கச் சொன்னாள். மேரிசெல்வி ஒற்றைக் காலில் நொண்டியபடியே மண்வெட்டியால் மடையை வெட்ட, தண்ணீர் மெதுவாக உப்புப் பாத்திக்குள் இறங்கியது.