வேலைக்கு வைத்திருந்த குரல்

“படத்துல வந்தது நீயாம்மா?”

“நாந்தாட்டி. பின்ன யாரு?”

“பேசுனதும் நீதானா?”

ருக்மிணி மகளின் பின்னலை இழுத்து முடிந்தாள். கொஞ்சம் யோசித்தாள். “அதுவும் நாந்தான்.”

“வீட்ல மட்டும் ஏன் அப்படிப் பேச மாட்டுக்க?”

“அது வேலைக்கு வச்சிருக்க குரலுட்டி. வீட்ல செலவழிச்சா தீந்துபோயிரும்லா?”

எட்டு வயது சுபாஸ்ரீ அதை நம்பினாள். தெலுங்குப் படங்களில் கதாநாயகனைப் பெற்று, சோறு ஊட்டி, பெரும்பாலும் இடைவேளைக்கு முன்பே செத்துப்போகிற அம்மாவுக்கு இரண்டு குரல்கள். இதமானது ஸ்டுடியோவுக்கு. கரகரப்பானது வீட்டுக்கு. அந்த இதமான குரலில் தன்னை ஒரே ஒருமுறை பெயர் சொல்லிக் கூப்பிடச் சொல்லவேண்டும் என்று அவளுக்கு ஆசை. தீர்ந்துவிட்டால் அம்மாவுக்கு வேலை போய்விடுமே என்று பயந்து, கேட்கவில்லை.

பதினான்கு வயதில் உண்மை தெரிந்தது. அம்மாவின் தென்காசித் தெலுங்கை எந்த இயக்குநரும் படத்தில் வைத்துக்கொள்வதில்லை. பேசுவதெல்லாம் பத்மஜா என்கிற டப்பிங் கலைஞர். அதுவரை கதாநாயகர்கள் மேல் சிதறிக் கிடந்த பொறாமை முழுவதும் பத்மஜாவின் மேல் போய்ச் சேர்ந்தது. அம்மா அவளோடு ஃபோனில் பேசிச் சிரிப்பதைக் கதவோரம் நின்று கேட்டிருக்கிறாள். “பத்மா, வியாழக்கிழமை நான் சாகுதேன். நல்லா அழுது வுடு, என்ன?” மகளோடு அம்மா அப்படிச் சிரித்ததே இல்லை. மகளிடம், “ஏட்டி, தின்னியா?” அவ்வளவுதான்.

இப்போது சுபாஸ்ரீக்கு முப்பத்துநான்கு வயது. யூசுஃப்குடா ஃபிளாட்டின் ஹாலில், ஐஸ் பெட்டியின் கண்ணாடியில் படிந்த ஈரத்தைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தாள். நேற்று மாலை, நாற்காலியில் உட்கார்ந்து கொத்தவரங்காய் நறுக்கிக்கொண்டிருந்தபோதே அம்மாவுக்கு உயிர் போயிருந்தது.

காலையில் ஒரு பெரிய நடிகர் வந்துவிட்டுப் போயிருந்தார். ஏழு படங்களில் அம்மா அவரைப் பெற்றவள். டிவி மைக்குகளுக்கு முன்னால் அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “நான்தான் மூத்த பிள்ளை” என்று தெலுங்கில் சொன்னார். துக்கம் கேட்க வந்த சுபாஸ்ரீயின் கச்சிபௌலி ஆபீஸ் பெண்கள் மாடிப்படியில் நின்று அவரை மொபைலில் படமெடுத்தார்கள். ஒரே பிள்ளை ஈரத்துணியோடு நின்றாள்.

“டீ குடி சுபா. நக்கோ, வேணாம்ங்காதே” என்று எதிர்வீட்டு ஜுலைகா தம்ளரை நீட்டினாள். சுபாஸ்ரீயின் கணவன் கணேஷ்குமார், “ஒரு மணிக்கு வண்டி வந்துரும்” என்றான்.

அப்போதுதான் வாசலில் அந்தக் குரல் கேட்டது.

“சுபாம்மா...”

பெட்டிக்குள் அம்மாவின் வாய் மூடியிருந்தது. அந்த வாய்க்குரிய குரல் வாசலில் நின்று செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தது.

பத்மஜா உள்ளே வந்து, பெட்டியின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். பல வருடம் மெட்ராஸில் இருந்தவர். தமிழ் நன்றாகவே வரும்.

“உங்கம்மா எனக்குக் கொடுத்த தொல்லை கொஞ்சமா, பாப்பா?”

“தொல்லையா?” சுபாஸ்ரீயின் குரல் கூர்மையானது. “எங்கிட்டப் பேசுனதை விட உங்ககிட்டப் பேசுனதுதான் ஜாஸ்தி, ஆன்ட்டி.”

பத்மஜா அதைக் காதில் வாங்கிக்கொண்டதாகத் தெரியவில்லை. “பைலட் கேட்டுக் கேட்டே என் காது போச்சு” என்றார்.

பைலட் என்றால் படப்பிடிப்பில் நடிகர் பேசும்போது பதிவாகிற அசல் குரல். டப்பிங் அறையில் அதைக் காதில் கேட்டபடிதான் பத்மஜா பேசுவார்.

“வசனம் மறந்துபோச்சுன்னா அக்கா தமிழ்ல எதையாவது பேசிடுவாங்க. எப்படியும் நான்தானே பேசப்போறேன், உதடு அசைஞ்சாப் போதும்னு டைரக்டரும் விட்டுடுவாரு. அழுகிற சீன் வந்துதா, போச்சு. மகனைப் பார்த்து ‘பாபூ’ன்னு கத்தணும். அக்கா ‘சுபா’ன்னு கத்துவாங்க.”

சுபாஸ்ரீ துடைப்பதை நிறுத்தினாள்.

“ஒரு படம் ரெண்டு படம் இல்லேம்மா. கத்திக்குத்து வாங்கினது எந்த ஹீரோவா இருந்தாலும் சரி, சுபாதான். ‘பாபூ’க்கு உதடு ரெண்டு வாட்டி மூடணும். ‘சுபா’க்கு ஒருவாட்டிதான் மூடும். மிச்சமிருக்கிற ‘ப’வை நான் எங்கே ஒளிச்சு வைக்கிறது? ஃபோன் போட்டுத் திட்டுவேன். அக்கா விழுந்து விழுந்து சிரிப்பாங்க.”

ஜுலைகா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். சுபாஸ்ரீக்கு அழுகை வரவில்லை. நெஞ்சுக்குள் பழைய எரிச்சல்தான் வேறொரு பக்கமாகத் திரும்பிப் படுத்தது. இத்தனை வருடம் அம்மா அவளைப் பெயர் சொல்லித்தான் கூப்பிட்டிருக்கிறாள். அது இந்த அம்மாளின் காதில் விழுந்திருக்கிறது. வீட்டில் இருந்தவள் வெறும் ‘ஏட்டி’.

“அந்த பைலட்டெல்லாம் எங்க இருக்கும், ஆன்ட்டி?”

“ஏதும்மா? அழிச்சுட்டு அதே டேப்புலே அடுத்த படம் எடுப்பாங்க.”

கீழே ஹாரன் அடித்தது. கணேஷ்குமார் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எட்டிப் பார்த்தான். “வந்தாச்சு சுபா. தூக்கிரலாமா?”

பத்மஜா தரையில் கையூன்றி எழுந்திருக்கப் பார்த்தார். சுபாஸ்ரீ அவருடைய மணிக்கட்டைப் பிடித்தாள். வளையல் அழுந்தும் அளவுக்குப் பிடித்தாள்.

“எப்படிக் கூப்பிட்டாங்க?”

“அதான் சொன்னேனே, பாப்பா... சுபான்னு...”

படத்தில் கேட்ட அதே இதம். சுபாஸ்ரீ இல்லை என்று தலையை ஆட்டினாள்.

“இது உங்க குரல். இது வேண்டாம், ஆன்ட்டி. நீங்க காதுல கேட்டது இருக்குல்ல, எங்கம்மாவோட குரல்... அந்தக் குரல்ல என்னை ஒரு தடவை கூப்பிடுங்க.”