அறுப்பதற்கு ஒரு தாலி

"கழுத்த நீட்டு. கட்டிட்டு அப்பறம் அறுப்போம்," என்றாள் ராசம்மா. அவள் கையில் மஞ்சள் கயிற்றில் கோத்த தாலி இருந்தது.

தேயிலைத் தோட்டத்து லய வீட்டு வாசலில் அவள் மகன் துஷாந்த் பிணமாகக் கிடந்தான். கசிப்புக் குடித்துக் குடித்து ஈரல் கெட்டு, முந்தின நாள் ஆஸ்பத்திரியில் உயிர் போயிருந்தது. எதிரே நின்றவள் மருமகள் சுதர்ஷினி. நெற்றியில் பொட்டு வைத்திருந்தாள். பச்சைச் சேலை உடுத்தியிருந்தாள்.

அந்தத் தாலியை அவள் கழற்றிக் கொடுத்து வருடங்களாகிவிட்டன. அவன் அவள் கையை முறித்த பிறகு, லுணுகலைப் பக்கத்து அந்தத் தோட்டத்தை விட்டுப் பதுளைக்குப் போய், லரீபா என்ற பெண்ணின் தையல் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். விவாகரத்துக் கேட்டு வழக்குப் போட்டாள். அவன் செய்த கொடுமை நிரூபணமாகிவிட்டதென்று நீதிபதி அவள் பக்கமே தீர்ப்புச் சொன்னார். அது முடிவான தீர்ப்பாவதற்குச் சில மாதம் இருந்தது. அதற்குள் துஷாந்த் மேன்முறையீடு செய்தான். ஜெயிப்போம் என்று அவனும் நம்பவில்லை. "இழுக்கிற வரைக்கும் இழுப்போம். அதுவரைக்கும் அவ எம் பொண்டாட்டிதானே," என்று கடைத்தெருவில் சொல்லித் திரிந்தான். மேன்முறையீடு முடியும்வரை தீர்ப்பு நின்றுபோனது. தவணைக்கு மேல் தவணை விழுந்தது. அப்படி இழுத்துக்கொண்டிருக்கும்போதே அவன் செத்துப்போனான்.

மாமனார் முருகையாவுக்காகத்தான் சுதர்ஷினி வந்தாள். கை முறிந்த அன்று அவளை ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனவர் அவர்.

"கோர்ட்டுல தீத்துவிட்டாங்க, அத்தை," என்றாள்.

"எங்க தீத்துவிட்டாங்க? கேஸு இன்னும் முடியலன்னு எனக்குத் தெரியாதா? சட்டப்படி நீ எம் மகன் பொண்டாட்டி. தாலி அறுக்காம பொணத்தத் தூக்க விடமாட்டேன்."

இரண்டு பெண்கள் வந்து சுதர்ஷினியின் தோளைப் பிடித்தார்கள். ஒருத்தி வெள்ளைச் சேலையை விரித்தாள். சாவுக்கு அடித்துக்கொண்டிருந்த தப்புச் சத்தம் நின்றது. மலைக்கு மேலே மழை கருக்கட்டிக்கொண்டு வந்தது. தூக்க வந்த ஆண்கள் முணுமுணுத்தார்கள்.

சுதர்ஷினி திமிறவில்லை. "யாரு கட்டுறது?" என்று மட்டும் கேட்டாள்.

"நாந்தான் கட்டுறேன்."

"நீங்க கட்டுனா அது தாலியா, அத்தை? கட்ட வேண்டியவரு படுத்திருக்காரு. அவர எழுப்புங்க, கழுத்த நீட்டுறேன்."

தோளைப் பிடித்திருந்த கைகள் தளர்ந்தன. ராசம்மா மகனின் முகத்தைப் பார்த்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தாள். முருகையா வந்து அவள் கையிலிருந்த தாலியை வாங்கி, மகனின் மாலைக்கு அடியில் செருகினார்.

"தூக்குங்கப்பா," என்றார்.

அடுத்த வாரம் சுதர்ஷினி வக்கீலைப் பார்க்கப் போனாள். அவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுத்தான் பேசினார்.

"முடிவாகாத தீர்ப்பும்மா அது. ஆள் செத்தவுடனே வழக்கும் போயிரும். சட்டத்துக்கு நீங்க இப்ப அவரோட விதவை."

"அவரு எங் கைய ஒடச்சாருன்னு ஜட்ஜு எழுதுனாரே. அதுவுமா போச்சு?"

வக்கீல் வழக்குக் கட்டை மூடினார். "அதுவுந்தான்."

சரியாகப் பொருந்தாத எலும்பு மழை நாளில் குடையும். அந்த முழங்கையைத் தடவிக்கொண்டே அவள் எழுந்தாள். வெளியே இருந்த கிளார்க் வழக்கை முடித்து வைக்கக் கடைசிக் கடிதம் அடித்துக்கொண்டிருந்தார்.

"ஒங்க பேருக்கு முன்னால என்னான்னு போட? விதவைன்னு போடவா, மனைவின்னு போடவா?"

"பேர மட்டும் போடுங்க," என்றாள் சுதர்ஷினி.

"அப்பிடிப் போடுற வழக்கம் இல்லையே."

அவள் நாற்காலியை இழுத்து அவர் எதிரில் உட்கார்ந்தாள்.

"போடுற வரைக்கும் இருக்கேன்," என்றாள்.