பயில்வான் இலைகள்

பன்னிரண்டு வருடமாக இலைப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்ப்பவள் அவள். வருகிற இலைகளைக் கழுவி, உலர்த்தி, அரைத்து, அமிலத்தில் கரைத்து, எந்தச் சத்து எவ்வளவு என்று எழுதிக் கொடுப்பாள். அவளுடைய அக்காள் புருஷனுக்கோ இந்தக் கூத்தெல்லாம் தேவையில்லை. எலுமிச்சை மரத்தை ஒரு பார்வை பார்த்தால் போதும், நோய் இன்னதென்று சொல்லிவிடுவார். கேட்டாலும் சொல்வார், கேட்காவிட்டாலும் சொல்வார்.

அவருடைய எலுமிச்சைத் தோட்டத்தில் இலைகள் சிறுத்து நரம்புகளுக்கிடையே மஞ்சள் பாய்ந்தபோது, மணிச்சத்து, அதாவது பாஸ்பரஸ், போதவில்லை என்று தீர்ப்புச் சொன்னார். மூட்டை மூட்டையாக அந்த உரத்தைக் கொட்டினார். மஞ்சள் கூடியது. அப்படியானால் கொட்டியது போதவில்லை என்றார். மூன்று வருடம் இப்படியே ஓடியது.

இலையைக் கொண்டுபோய்க் கொடுங்கள் என்று அக்காள் நச்சரித்ததால் ஒருநாள் கூடத்துக்கு வந்தார். பிளாஸ்டிக் பைக்குள், தரையில் பொறுக்கிய இலைகள் வெந்த கீரையாய்க் கிடந்தன. மூக்கைப் பொத்தியபடி அவள் சொல்லிக் கொடுத்தாள்: இருபது மரத்தில் பறிக்கணும், காய் இல்லாத கிளையில் பறிக்கணும், ரொம்ப இளசும் வேண்டாம், முற்றலும் வேண்டாம், காகிதப் பையில் போடணும். அவர் தலையாட்டிய வேகத்திலேயே ஒன்றும் உள்ளே போகவில்லை என்பது தெரிந்தது.

மறுமுறை கொண்டுவந்தவை அத்தனையும் பளபளவென்றிருந்தன. எல்லாம் கிணற்றடி மரத்து இலைகளாம். இருப்பதிலேயே நல்லதாகப் பார்த்துப் பறித்ததாகப் பெருமை வேறு.

"சீக்காளிய வீட்ல விட்டுட்டுப் பயில்வானக் கூட்டிட்டு வந்திருக்கீங்க அத்தான்."

"மோசமான இலையக் குடுத்தா நம்ம தோட்டத்தப் பத்தி என்ன நினைப்பாங்க?" என்றார் அவர், நிஜமாகவே புரியாமல்.

இந்த மனுஷனோடு அக்காள் எப்படித்தான் குடும்பம் நடத்துகிறாளோ என்று நினைத்தபடி அவள் பையை அப்படியே குப்பைக் கூடையில் கவிழ்த்தாள்.

மூன்றாம் முறை அக்காளே பறித்து அனுப்பினாள். இரண்டு காகிதப் பைகள். பென்சிலால் ஒன்றில் 'மஞ்சள்', மற்றதில் 'பச்சை'. ஒரு இலைகூடப் பிசகில்லை. முடிவும் தெளிவாக வந்தது. மஞ்சள் இலையில் மணிச்சத்து அளவுக்கு மேல் ஏறிக் கிடந்தது. துத்தநாகம் இருக்கவேண்டியதில் பாதிகூட இல்லை. கொட்டிய உரமே மரத்துக்குத் துத்தநாகம் சேரவிடாமல் தடுத்திருக்கிறது.

அறிக்கையைத் தபாலில் அனுப்பியிருக்கலாம். ஆனால் அத்தானின் முகத்தைப் பார்க்கும் ஆசையில், விடுமுறை நாளில் பஸ் ஏறி அவளே கொண்டுபோனாள். என்னென்ன கேட்பது என்று வழியெல்லாம் மனசுக்குள் சொல்லிப் பார்த்தாள்.

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முன்பக்கம் படித்தார். வெறுமையான பின்பக்கத்தையும் படித்தார்.

"துத்தநாகந்தான்னு நான் அப்பவே நினைச்சேன்."

பாத்திரம் துடைத்துக்கொண்டிருந்த அக்காள்தான் கேட்டாள்: "நினைச்சவரு அந்த மூட்டைய எல்லாம் எதுக்குக் கொட்டினீங்க?"

அவருக்கு உடனே தோட்டத்தில் ஏதோ அவசர வேலை ஞாபகம் வந்துவிட்டது.

உரம் நின்றது. துத்தநாகக் கரைசலை அக்காள் ஆள் வைத்து இரண்டு தடவை தெளித்தாள். அடுத்துத் துளிர்த்த இலைகள் அகலமாக, பச்சையாக வந்தன. அத்தானைக் கையில் பிடிக்க முடியவில்லை. இருபது மரம், காய் இல்லாத கிளை, காகிதப் பை என்று, தானே கண்டுபிடித்ததுபோல வேலிக்கு வேலி நின்று பாடம் நடத்தினார்.

அந்தப் பருவத்தில் கூடத்துக்கு அந்தப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து பதினோரு பேர் வந்தார்கள். எல்லோரும் அவர் பேரைச் சொல்லி, அவர் விளக்கிய அழகையும் சொன்னார்கள். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு ஒவ்வொரு பையாகப் பிரித்து மேசையில் பரப்பினாள். ஒரு முற்றல் இலையாவது, ஒரு அழுகலாவது அகப்படாதா என்று விரலால் துழாவினாள். பதினோரு பேரும் சரியாகவே பறித்திருந்தார்கள். திட்ட வழியில்லாமல், ரசீது எழுத உட்கார்ந்தாள்.