கன்னத்தில் ஏறிய பெயர்

ஷோவா நாற்பத்திரண்டாம் ஆண்டு, அதாவது 1967 அக்டோபரில், கியோட்டோவின் சினிமாப் பேட்டையான உசுமசாவில், ஒரு படத்தின் டைட்டிலிலிருந்து கெய்சாபுரோ என்ற பெயர் இறங்கி, அதை எழுதிய குராமோச்சியின் இடது கன்னத்தில் போய் உட்கார்ந்துகொண்டது. அன்று முட்டை விலையும் ஏறியிருந்தது.

குராமோச்சி ஸ்டூடியோவில் தூரிகையால் டைட்டில் எழுதுகிறவர். அந்தப் படத்தின் நாயகி ருரி, பிறந்தபோது ஆண் என்று பதிவேட்டில் எழுதிவிட்ட பெண். அப்படி ஒருத்தி கதாநாயகி ஆனது அங்கே அதுதான் முதல் தடவை. நடிகர் பட்டியலின் கடைசியில் தனியாக வருவது பெரிய நடிகர்களின் இடம். அதையே அவளுக்குக் கொடுத்திருந்தார்கள். சாயங்காலம் நாலு மணிக்கு, சினிமாக்காரர் வழக்கப்படி "காலை வணக்கம்" சொல்லிக்கொண்டு அவள் வந்தாள். "குராமோச்சி சான், ருரின்னு மட்டும் எழுதுங்க. பழைய பேரு வேண்டாம்."

"அட, இதுக்குப் போய் இவ்வளவு தூரம் வரணுமா? நான் பாத்துக்கறேன்" என்று இவரும் வாக்குக் கொடுத்தார்.

அப்புறம் ஸ்டூடியோ மேலாளர் வந்தார். "கீழே பொடி எழுத்துல கெய்சாபுரோங்கிற அந்த ஆம்பளப் பேரையும் போடுய்யா. அதைப் பாக்கத்தானே கூட்டம் வரும்?" குராமோச்சி தூரிகையை மையில் தோய்த்தார். எழுதினார். எழுத்து அத்தனை அழகாக வந்தது.

முதல் காட்சியில் அரங்கமே கொல்லென்று சிரித்தது. பின்வரிசையில் ருரி இருந்தாள். மறுநாள் எல்லாப் பிரதிகளிலும் ருரி மட்டுமே மிச்சம். மற்றது இவர் கன்னத்தில். சோப்புக்கும் போகவில்லை, எலுமிச்சைக்கும் போகவில்லை. பொதுக் குளியலறையில், "என்னப்பா, உன் பொண்டாட்டி ஆளை மாத்திட்டாளா? பேரு வேறயா இருக்கே!" என்று கேலி செய்தார்கள். வெட்கம் பிடுங்கித் தின்ன, வெந்நீரில் மூக்குவரை அமிழ்ந்து கிடந்தார்.

அதற்குப் பின் ருரி பதினோரு படங்கள் நடித்தாள். எந்தப் போஸ்டரிலும் பழைய பெயர் ஒட்டவில்லை; எழுதினால் மை வழிந்துவிடும். போஸ்டர்காரர்கள் பழகிக்கொண்டார்கள்.

மூன்று வருஷம் ஒளிந்து திரிந்த பிறகு, குராமோச்சி அவளுடைய ஒப்பனை அறைக்குப் போய், நெற்றி தரையில் பட விழுந்தார்.

"வேலை போயிடும்னு பயந்துட்டேன். வாக்குக் கொடுத்துட்டு எழுதினேன், வெட்கமா இருக்கு. இதை எப்படியாவது அழிச்சு விடுங்க."

ருரி அவர் கன்னத்தில் பவுடரை ஒற்றிப் பார்த்தாள். மை மேலே வந்தது.

"எழுத்து என்னவோ நல்லாத்தான் இருக்கு" என்றாள். "இருபத்துநாலு வருஷம் நான் சுமந்தேன். இனி நீங்க வச்சுக்கோங்க."

மன்னித்தாளா என்று அவள் சொல்லவில்லை. கேட்க இவருக்கும் முகம் இல்லை. அன்றிலிருந்து கன்னத்தை மறைப்பதை விட்டார். யாராவது "கெய்சாபுரோ சான்!" என்று கூப்பிட்டால், தலைகுனிந்தபடி "இருக்கேன்" என்பார்.

ஷோவா ஐம்பத்தெட்டில் அவர் இறந்தபோது, கல்லறைக் கல்லில் எந்தப் பெயரை வெட்டுவது என்று கல்தச்சர் கேட்டார். "ரெண்டையும் வெட்டுங்க, ரெண்டு பேரும்தானே போயிட்டாங்க" என்றாள் மனைவி. நாற்பத்தொன்பதாம் நாள் சடங்குக்கு ருரி வந்தாள். குராமோச்சிக்கு ஒரு ஊதுபத்தி ஏற்றினாள். கொஞ்சம் யோசித்து, கெய்சாபுரோவுக்கும் ஒன்று ஏற்றினாள்.